மூன்றாம் வேற்றுமை

மூன்றாம் வேற்றுமைக்குப் பொருள் மூன்று என்று மாணாக்கர்க்குச் சொல்லிக்கொடுப்பது என் தொழில். கருவி, கருத்தா, உடனிகழ்ச்சி என்பன அவை. வாளால் வெட்டினான் என்றால் வாள் கருவி. தச்சனால் கட்டப்பட்டது என்றால் தச்சன் கருத்தா. தந்தையோடு மகன் வந்தான் என்றால் அது உடனிகழ்ச்சி. கருத்தாவிலும் இருவகை உண்டு. கோயிலைத் தச்சன் கட்டினான் எனினும் அமையும். அரசன் கட்டினான் எனினும் அமையும். அரசன் ஒரு கல்லைத்தானும் தூக்கியவன் அல்லன். ஆயினும் எண்ணியவன் அவன், ஏவியவன் அவன். ஆதலின் அவன் ஏவுதற் கருத்தா; தச்சன் இயற்றுதற் கருத்தா.

முப்பது ஆண்டுகளாக இதனைக் கரும்பலகையில் எழுதி எழுதி அழித்து வந்தேன். இதன் பொருள் எனக்கு விளங்கியது அண்மையிலேதான். விளங்க வைத்தவர் இருவர். ஒருவர், உடல் வலுவிழந்து படுக்கையில் இருக்கும் என் தமையனார். மற்றவர், அவரைப் பராமரிக்கச் சம்பளத்துக்கு வந்த ஓர் இளைஞர். இதே இலக்கணத்தை என்னிடம் படித்தவர்.

வீடு திரும்பிய கதை

எங்கள் ஊர் காங்கேசன்துறை. 1950ஆம் ஆண்டில் உற்பத்தி தொடங்கிய சீமெந்துத் தொழிற்சாலையால் ஊர் பேர்பெற்றிருந்த காலத்தில், தமையனார் அங்கே வேலை பார்த்தவர். 1990இல் ஊர் முழுவதும் இடம்பெயர்ந்தது, தொழிற்சாலையும் நின்றது. கால் நூற்றாண்டுக்கு மேலாக வாடகை வீடும் உறவினர் விறாந்தையுமாகக் காலம் கழிந்தது. பின்னர்ப் படிப்படியாக விடுவிக்கப்பட்ட காணிகளுள் எங்கள் காணியும் ஒன்றாயிற்று. போய்ப் பார்த்தோம். சுவர் இருந்தது, கூரை இல்லை. சுவருக்குள்ளே மரங்கள் வளர்ந்திருந்தன.

தமையனார் தம் கையாலேயே வீட்டைச் செப்பனிடப் புறப்பட்டார். 2018ஆம் ஆண்டில் ஒருநாள் ஓடு போட ஏறியவர் தவறி விழுந்தார். கழுத்தடியில் முள்ளந்தண்டு முறிந்தது. உயிர் நின்றது, கால்கள் போயின. கைகள் தோளளவில் அசையும். விரல்கள் ஒன்றையும் பற்றமாட்டா. அண்ணியார் ஐந்து ஆண்டுகள் ஓர் இரவேனும் முழுதாக உறங்காமல் அவரைப் பார்த்தார். 2023இல் அவர் காலமானார். அவர் செய்தது எத்துணைப் பெரிய வேலை என்பது, செய்ய ஆளில்லாத மறுநாட் காலையிலேதான் எங்களுக்குத் தெரிந்தது.

கீரிமலைக் கதைகள்

எங்கள் ஊரைச் சுற்றியுள்ள கதைகளை எண்ணிப் பார்த்தேன். நகுல முனிவர் கீரிமலையில் நீராடினார், கீரிமுகம் நீங்கியது. சோழ இளவரசி மாருதப்புரவீகவல்லி நீராடினாள்; குதிரைமுகம் நீங்கியது. அவள் மாவிட்டபுரத்தில் எடுப்பித்த கோயிலுக்காகக் கொண்டுவரப்பட்ட காங்கேயன் திருவுருவம் வந்திறங்கிய துறையே காங்கேசன்துறை என்பர். ஊனம் நீங்கிய கதையிலிருந்தே ஊரின் பெயர் பிறந்திருக்கிறது. ஆனால் நீங்காத ஊனத்தோடு ஒருவர் நாற்பது ஆண்டு எவ்வாறு வாழ்வது என்பதற்கு நம்மிடம் கதை இல்லை. நீங்கினால் அற்புதம், நீங்காவிட்டால் வினைப்பயன். இரண்டுக்கும் நடுவே, காலையில் முகங்கழுவ வேண்டும், பல் விளக்க வேண்டும், சட்டை மாற்ற வேண்டும். அவற்றைச் செய்ய ஒரு கை வேண்டும்.

போரினாலும் விபத்தினாலும் வலுவிழந்தோர் வடபுலத்தில் பலர். யாழ்ப்பாணத்தில் 1987 முதல் ஜெய்ப்பூர் நிலையம் செயற்கைக் கால் செய்து கொடுத்து, விழுந்தவர் பலரை நடக்க வைத்தது. முள்ளந்தண்டு பாதிக்கப்பட்டோர் தாமே ஒன்றுகூடி அமைத்துக்கொண்ட உயிரிழை என்னும் அமைப்பை மாங்குளம் அறியும். ஆயினும் கருவி கொடுப்பது ஒன்று. நாள்தோறும் கை கொடுப்பது வேறொன்று.

நான் சொன்ன புத்திமதி

இங்கே என் பிழை ஒன்றைச் சொல்லவேண்டும். அந்த இளைஞர் உயர்தரப் பரீட்சையில் சித்தியடைந்தும் பல்கலைக்கழகம் புக இயலாதவர். பராமரிப்பாளர் பயிற்சிக்குப் போவதாக அவர் சொன்னபோது, அவருடைய தாயார் கண்ணீரோடு என்னிடம் வந்தார். "சேர், நீங்கள் சொன்னால் கேட்பான். ஆம்பிளைப் பிள்ளை செய்யிற வேலையா இது?" என்றார்.

நானும் அழைத்துச் சொன்னேன். "படித்த பிள்ளை நீர். பிறருடைய மலசலம் துடைக்கவா இவ்வளவு படித்தீர்?" என்றேன். கூலிக்கு மாரடித்தல் என்னும் பழமொழியையும் எடுத்துக் காட்டினேன். அன்பினால் செய்யவேண்டியதைக் காசுக்குச் செய்தால் அது போலி என்பது என் கட்சி.

அவர் பதில் வாதமாக வரவில்லை. "சேர், முகாமிலை என்ரை அம்மம்மா படுக்கைப்புண் வந்துதான் செத்தவ. எங்களுக்கு அவவிலை அன்பு இல்லாமல் இல்லை. பிரட்டிப் படுக்க வைக்கவேணும் எண்டு ஒருத்தருக்கும் தெரியேல்லை" என்றார்.

அவர் பயிற்சிக்குப் போனார். நான் என் பழமொழியோடு இருந்தேன். அண்ணியார் இறந்த முப்பத்தோராம் நாள் கழிந்ததும், அவரைத் தேடி அவர் வீட்டு வாயிலுக்குப் போனவன் நானே.

"அவரைக் கேளுங்கோ"

முதல்நாள் வந்தவர் கைகளைச் சவர்க்காரமிட்டுக் கழுவினார். பின்பு என்னைப் பாராமல் தமையனாரைப் பார்த்து வணங்கித் தம் பெயரைச் சொன்னார். "ஐயா, விடிய எத்தனை மணிக்கு எழும்புறனீங்கள்?" என்றார். "ஐந்து மணிக்கு" என்று நான் விடை சொன்னேன். மீண்டும் ஒரு கேள்வி. மீண்டும் என் விடை. மூன்றாவது முறை அவர் திரும்பி மெல்லச் சொன்னார்: "சேர், அவரைக் கேளுங்கோ. எனக்குச் சொல்லவேண்டியவர் அவர்."

தமையனார் சொன்னார்: "ஆறரைக்கு. ஐந்து மணி எண்டது உங்கடை வசதிக்கு."

ஐந்து ஆண்டுகளாக அவர் வீட்டிலே நாங்கள் அவரைப் படர்க்கையிற் பேசியிருக்கிறோம். "அவரைத் திருப்பியாயிற்றா?" என்று அவர் தலைமாட்டிலேயே நின்று பேசினோம். எங்கள் வாக்கியங்களில் அவர் எழுவாயாக ஒருநாளும் இருந்ததில்லை, எப்போதும் செயப்படுபொருளே. அவ்விளைஞர் வந்து அவரை முன்னிலையாக்கினார். முன்னிலையாக்கப்பட்டவர் தாமே தன்மையிற் பேசத் தொடங்கினார். குளிக்கும் நீரின் சூடு, சோற்றின் அளவு, எந்தச் சட்டை, எந்தப் பக்கம் முதலில் என்பன எல்லாம் தமையனார் சொல்ல, இளைஞர் செய்தார். கை இளைஞருடையது, குளிப்பு தமையனாருடையது. அன்றுதான் அரசன் கோயில் கட்டினான் என்னும் உதாரணம் எனக்கு உயிர்பெற்றது.

இரண்டு மணிக்கு ஒருமுறை

இத்தொழிலுக்கு நல்ல மனம் போதாது, அறிவு வேண்டும். உணர்ச்சியற்ற உடம்பை ஏறத்தாழ இரண்டு மணிக்கு ஒருமுறை திருப்ப வேண்டும். இடுப்பெலும்பு, குதிக்கால், முழங்கை முதலிய எலும்பு துருத்திய இடங்களில் தோல் சிவந்திருக்கிறதா என்று நாள்தோறும் பார்க்க வேண்டும். அச்சிவப்பே புண்ணின் முதலெழுத்து. கட்டிலிலிருந்து சக்கர நாற்காலிக்கு மாற்றுகையில் நாற்காலியின் தடையை முதலில் இறுக்க வேண்டும். தூக்குபவர் முதுகை வளைக்காமல் முழங்காலை மடித்து, உடம்பை அணைத்து எழவேண்டும். இன்றேல் சில ஆண்டுகளில் அவரும் நோயாளியாவார். சிறுநீர்க் குழாய் மடியாதிருக்க வேண்டும். அதன் பை உடம்பினும் தாழ இருக்க வேண்டும்.

ஓர் இரவு தமையனார் தலை வெடிப்பது போல் வலிக்கிறது என்றார். முகம் சிவந்து வேர்வை வழிந்தது. நான் பதறித் தலையணையை எடுத்து அவரைப் படுக்கவைக்கப் போனேன். "படுக்க வைக்காதேங்கோ சேர்!" என்று இளைஞர் என் கையைப் பிடித்தார். அவரை நிமிர்த்தி உட்காரவைத்தார், கால்களைத் தொங்கவிட்டார், சாரத்தின் இறுக்கத்தைத் தளர்த்தினார். பின்பு குழாயைத் தடவிப் பார்த்தார். அது தொடைக்கடியில் மடிந்து கிடந்தது. நிமிர்த்தினார். சிறிது நேரத்தில் வேர்வை அடங்கியது.

முள்ளந்தண்டின் மேற்பாகத்தில் முறிவு ஏற்பட்டவர்க்கு நேரும் ஆபத்து இஃது என்று பின்பு விளக்கினார். கீழே நிறைந்த சிறுநீர்ப்பையின் முறைப்பாடு வழியில் தடைப்பட்டு மூளையை ஒழுங்காக அடையாது. உடம்பு தறிகெட்டு இரத்த அழுத்தத்தை ஏற்றிவிடும். காரணத்தை உடனே நீக்காவிடின் மூளையில் இரத்தக் கசிவு நேர்ந்து உயிரும் போகலாம். நான் படுக்கவைத்திருந்தால் அழுத்தம் மேலும் ஏறியிருக்கும். என் அன்பு கொல்ல இருந்தது. அவர் கல்வி காத்தது. கூலிக்கு மாரடித்தல் என்னும் பழமொழியை அன்றிரவே கைவிட்டேன்.

கூலியும் கடப்பாடும்

சம்பளம் பற்றி ஒரு சொல். நோர்வேயில் வாழும் தமையனாரின் மகளே இச்சம்பளத்துக்கான பணத்தை அனுப்புகிறாள். அவள் அங்கே என்ன வேலை செய்கிறாள் என்று ஊரார் கேட்டால் "ஆஸ்பத்திரியில்" என்று சொல்லி வந்தோம். உண்மையில் அவள் வலுவிழந்த ஒரு பெண்மணிக்குத் தனியாள் உதவியாளர். இத்தகைய உதவியை, அதனை மிகுதியாக வேண்டுவோர்க்கு 2015 முதல் சட்ட உரிமையாக்கிய நாடு நோர்வே. கனடாவிலும் நம்மவர் பலர் இத்தொழிலால் குடும்பம் காக்கின்றனர். அங்கே செய்தால் மதிப்பு, இங்கே செய்தால் இழிவு என்பது எந்த இலக்கணம்?

அமெரிக்காவில் எட் றொபேட்ஸ் என்பார் பதினான்கு வயதில், 1953இல், இளம்பிள்ளை வாதத்தால் கழுத்துக்குக் கீழே வலுவிழந்தார். 1962இல் பேர்க்லி பல்கலைக்கழகம் புகுந்தார். மூச்சுக்கு இரும்பு இயந்திரம் வேண்டியிருந்தமையால் பல்கலைக்கழக மருத்துவமனையின் ஓர் அறையே விடுதியாயிற்று. அவரும் பின்வந்த தோழரும் தமக்கு வேண்டிய உதவியாளரைத் தாமே தெரிந்து, தாமே பழக்கி, தகாதவரைத் தாமே விலக்கினர். 1972இல் அவர்கள் அங்கே நிறுவிய தற்சார்பு வாழ்வு நிலையம் உலகெங்கும் பல நிலையங்களுக்கு வித்தாயிற்று. தற்சார்பு என்பது எல்லாவற்றையும் தன் கையாற் செய்வதன்று. தன் கருத்தாற் செய்விப்பது என்பதே அவர்கள் கண்ட உண்மை.

சம்பளம் இதற்கு இடையூறு அன்று, துணை. இலவசமாக உதவுபவரை ஏவ நாக்கு எழாது. நீர் சுடுகிறது என்று சொல்லவும் கூச்சமாயிருக்கும். ஐந்து ஆண்டு தமையனார் ஐந்து மணிக்கு எழுந்தது அந்தக் கூச்சத்தினாலேதான். இப்போது மாத முடிவில் சம்பள உறையை அவர் மடியில் வைக்கிறோம். பற்றமாட்டாத தம் இரு கைகளின் நடுவே அணைத்து அவரே நீட்டுகிறார். வாங்குபவர் தலைநிமிர்ந்து வாங்குகிறார். கடன் ஒருவர்க்கும் இல்லை.

நம் நாட்டில் வலுவிழந்தோர் உரிமைகளைக் காக்கும் சட்டம் 1996இல் இயற்றப்பட்டது. ஐக்கிய நாடுகளின் உடன்படிக்கையை 2016இல் இலங்கை ஏற்றுறுதி செய்தது. அதன் 19ஆம் உறுப்புரை, சமூகத்தினுள் வாழத் தனியாள் உதவியும் வேண்டும் என்கிறது. ஏழு மட்டங்கொண்ட தேசிய தொழிற் தகைமைச் சட்டகத்தில் பராமரிப்பாளர் தொழிலுக்கும் இடம் உண்டு. அனுபவத்தால் கற்றவரும் மதிப்பீட்டுக்கு உட்பட்டுச் சான்றிதழ் பெறலாம். வழி இருக்கிறது. ஆனால் வெளிநாட்டுப் பிள்ளையின் பணம் இல்லாத வீட்டில் இந்தச் சம்பளத்தை யார் கொடுப்பது? இக்கேள்விக்கு விடை காணாதவரை நம் சட்டம் பாதி வாக்கியமே. பயனிலை இன்னும் வரவில்லை. ஆசிரியர்களாகிய நாம் செய்யக்கூடியது ஒன்றுண்டு. இத்தொழிலை நாடி வரும் மாணாக்கர்க்கு, நான் சொன்ன புத்திமதியைச் சொல்லாதிருத்தல்.

கடலுக்குப் போனது

சென்ற மாதம் ஒரு மாலை, தமையனார் கீரிமலைக்குப் போகவேண்டும் என்றார். முச்சக்கர வண்டி வந்தது, நாற்காலியும் போயிற்று. கரையின் விளிம்பில் நாற்காலியை நிறுத்தி, இளைஞர் இறங்கிக் கடல்நீரைக் கையில் ஏந்தி வந்தார். "முகத்திலை விடட்டே ஐயா?" என்று கேட்டு நின்றார். தமையனார் தலையசைத்த பின்பே நீர் முகத்திற் பட்டது. முகம் மாறவில்லை, ஊனம் நீங்கவில்லை. நீங்கவேண்டும் என்று அவர் வரவுமில்லை. உப்பு உதட்டில் இறங்க, நெடுநேரம் கடலைப் பார்த்திருந்தார்.

அன்றிரவு மகளோடு தொலைபேசியிற் பேசினார். அடுத்த அறையில் நான் விடைத்தாள் திருத்திக்கொண்டிருந்தேன். "இண்டைக்கு நான் மோனையோடை கடலுக்குப் போனனான்" என்று அவர் சொல்வது கேட்டது.

பேனாவை வைத்துவிட்டேன். அவனாலே போனேன் என்று அவர் சொல்லவில்லை. அவனோடே போனேன் என்றார். கருவியும் இல்லை; ஏவுதலும் இயற்றுதலும்கூட அங்கே பின்தங்கிவிட்டன. மூன்றாம் வேற்றுமையின் மூன்றாவது பொருளுக்கு, இனி என் வகுப்பில் உதாரணம் அதுவே.