உவர் புகாமற் காக்கும் இயற்கை அரண்கள்
(குச்சவெளிப் பகுதி நெற்செய்கையாளருக்கும் தோட்டச்செய்கையாளருக்கும்)

நீரில்லாமை கமக்காரருக்கு ஒரு துன்பம்; நீரிருந்தும் அஃது உவராயிருத்தல் அதனினும் பெருந்துன்பம். திருகோணமலைக்கு வடக்கே கடலையொட்டி நீண்டு கிடக்கும் குச்சவெளிப் பகுதியில் இவ்விரண்டும் ஒரே ஆண்டில் நேர்வதுண்டு. ஆண்டு மழை ஏறத்தாழ 1,600 மில்லிமீற்றர். அதிற் பெரும்பங்கு ஒக்டோபர் தொடக்கம் ஜனவரி வரையுள்ள நான்கு மாதங்களிற் பெய்து விடுகின்றது. பின்னர் நெடுங்கோடையும் கச்சான் காற்றும் வருகின்றன. கோடையிற் குளம் வற்றக் கிணற்று நீர் கரிக்கத் தொடங்குகின்றது.

இவற்றோடு புயலும் உண்டு. 1964, 1978, 2000 ஆகிய ஆண்டுகளிற் கிழக்குக் கரையைப் புயல்கள் தாக்கின. 2020 டிசம்பர் 2 ஆம் திகதி இரவு புரேவிப் புயல் திரியாய்க்கும் குச்சவெளிக்கும் இடையே கரையேறியது. 2025 நவம்பர் இறுதியில் வந்த டித்வாப் புயல் நாடெங்கும் வெள்ளத்தையும் மண்சரிவையும் விளைத்தது. கடல் வெப்பமும் கடல் மட்டமும் உயர்ந்து வருவதால், இனி மழை பெய்யும்போது மிகுந்து பெய்யும் என்றும், பொய்க்கும்போது நெடிது பொய்க்கும் என்றும் காலநிலை அறிஞர் எதிர்பார்க்கின்றனர்.

கடலோரம் முழுவதும் கல்லணை கட்டுதல் இயலாது. இயன்றாலும் அதனைப் பேணுதற்குரிய பணம் ஊராரிடம் இல்லை. ஆயின் கட்டாமலே அமைந்த அரண்கள் சில நம்மிடம் உள்ளன. மணற்குன்று, கண்டற்காடு, குளத்தைச் சூழ்ந்த சோலை, வேலி மரம் என்பனவே அவை. பாலத்தையும் மதகையும் போல இவற்றையும் ஊரின் கட்டுமானமாகவே கருதுதல் வேண்டும். பாலம் இடிந்தால் மனுக் கொடுக்கும் நாம், மணற்குன்று குறைந்தால் வாய் திறப்பதில்லை.

மணற்குன்றும் கிணறும்

வெங்காயமும் மிளகாயும் பயிரிடும் கரையோரத் தோட்டங்களுக்கு நீர் தருவது மணலடியில் தங்கிய மழைநீரே. நன்னீர் உவர்நீரினும் பாரங்குறைந்தது. ஆதலால் அது கீழுள்ள உவர்நீரின் மேல் மிதந்து நிற்கின்றது. கடல் மட்டத்துக்கு மேல் ஓரடி நன்னீர் நின்றால், கடல் மட்டத்துக்குக் கீழே ஏறத்தாழ 40 அடி ஆழம் வரை அது உவர்நீரை அழுத்தி வைத்திருக்கும் என்பது கணக்கு. இதன் மறுபக்கத்தையும் நோக்குக. இறைப்பினாலோ மணல் அள்ளுவதனாலோ மேல்மட்டம் ஓரடி தாழ்ந்தால், காலப்போக்கில் உவர்நீர் 40 அடி மேலேறும். மேட்டு மணலே மழையை வாங்கிச் சேமிக்கும் பத்தாயம். அதனை வண்டியில் ஏற்றி விற்பவர் தம் அயலவரின் கிணற்றையும் சேர்த்தே விற்கின்றார்.

2004 டிசம்பர் 26 ஆம் திகதி ஆழிப்பேரலை வந்தபோது மணற்குன்றின் அருமை நன்கு புலப்பட்டது. தெற்கே யால பகுதியில், கடற்காட்சிக்காக முன்னிருந்த குன்றை அகற்றிக் கட்டிய விடுதியொன்று முற்றாக அழிந்தது. அலை புகுந்த கிணறுகளைப் பலர் திரும்பத் திரும்ப இறைத்துத் துப்புரவு செய்தனர். மட்டக்களப்புக் கரையோரத்தில் நடத்திய ஆய்வுகளில், இறைப்பு உவரைப் பெரிதும் குறைக்கவில்லை என்றும், அடுத்து வந்த பருவமழைகளே உப்பைக் கழுவின என்றும் கண்டனர். கடல்நீர் புகுந்த கிணற்றைச் சேறகற்றும் அளவுக்கு மட்டும் மெல்ல இறைத்தல் போதும். அளவுக்கு மிஞ்சிய இறைப்புக் கீழுள்ள உவரை மேலே இழுத்துவிடும்.

குன்றைப் பிடித்து வைப்பன அடம்பன் கொடி, இராவணன் மீசை, தாழை ஆகியன. அடம்பன் கொடியும் திரண்டால் மிடுக்கு என்னும் பழமொழி நமது கடற்கரையில் எழுத்துக்கு எழுத்து உண்மை. இவற்றைச் செதுக்கித் துப்புரவாக்குதல் ஆகாது. குன்றின் உட்பக்கத்திற் பனங்கொட்டைகளை மாரிமழைக்கு முன் வரிசையாகப் புதைத்தல் நன்று. வடலி பனையாகி வருமானந் தர ஆண்டுகள் பல செல்லும். நட்டவர் பேரனே நுங்கு தின்பான். எனினும் புயலிற் சாயாது நிற்கும் மரங்களில் பனைக்கு ஈடு சிலவே. கரையோர மணல் அகழ்வதற்கு 1981 ஆம் ஆண்டின் 57 ஆம் இலக்கக் கரையோரம் பேணற் சட்டப்படி அனுமதி வேண்டும் என்பதையும் நினைவிற் கொள்க.

கண்டற்காடு

களப்போரங்களில் வளரும் கண்டலும் கண்ணாவும் தில்லையும் அலையின் வேகத்தைத் தணிக்கின்றன; சேற்றைப் பிடித்துக் கரையை உயர்த்துகின்றன; இறாலுக்கும் மீனுக்கும் தொட்டிலாகின்றன. வயலுக்கும் களப்புக்கும் இடையே இவை நிற்குமிடத்தில் வரம்பு உடைவது குறைவு.

ஆயினும் கண்டல் நடுகையைப் பற்றி ஓர் எச்சரிக்கை தேவை. ஆழிப்பேரலைக்குப் பின்னர் இலங்கையில் 1,000 முதல் 1,200 ஹெக்டேயர் வரை கண்டல் நடப்பட்டது. 2017 இல் வெளிவந்த ஆய்வின்படி அவற்றுள் 200 முதல் 220 ஹெக்டேயரே தேறின. ஆராய்ந்த 23 இடங்களுள் 9 இடங்களில் ஒரு கன்றேனும் மிஞ்சவில்லை. இடத்துக்கு ஒவ்வாத இனத்தை நட்டமை, நீர்மட்டத்தைக் கணியாமை, நட்டபின் பேணாமை, கால்நடை மிதித்தமை ஆகியனவே காரணங்கள். படம் பிடிப்பதற்காக ஒரே நாளில் ஆயிரம் கன்று நடுவதைக் காட்டிலும், அடைபட்ட நீரோட்டத்தைத் திறந்துவிட்டு, மாடு புகாமல் வேலியிட்டு, விதை தானே வந்து ஊன்ற விடுதல் மேலானது. இப்படிப்பட்ட முறைகளைக் கைக்கொண்ட இலங்கையின் கண்டல் மீட்புப் பணியை 2024 இல் ஐக்கிய நாடுகள் நிறுவனம் உலக முன்மாதிரிகளுள் ஒன்றாக அறிவித்தது.

குளச்சோலை

நெற்செய்கையாளருக்கு இதுவே முதன்மையானது. வறண்ட வலயத்தில் முன்னோர் குளங்களைத் தனித்தனியாகக் கட்டவில்லை. ஒரு குளத்தின் கழிவுநீர் அடுத்த குளத்துக்குச் செல்லுமாறு மேட்டிலிருந்து பள்ளம் வரை தொடராக அமைத்தனர். சிங்கள மக்கள் இதனை எல்லங்காவ என்பர். 2017 இல் ஐக்கிய நாடுகள் உணவு விவசாய நிறுவனம் இதனை உலக விவசாய மரபுரிமைகளுள் ஒன்றாக ஏற்றுக்கொண்டது. அதே ஆண்டிலே மல்வத்து ஓயா, மீ ஓயா, யான் ஓயா ஆகிய படுகைகளிற் சிறுகுளத் தொடர்களைச் சீரமைக்கும் பெருந்திட்டமொன்று பசுமைக் காலநிலை நிதியத்தின் உதவியுடன் தொடங்கிற்று. யான் ஓயா நமது புல்மோட்டைப் பக்கத்திலேயே கடலிற் கலக்கின்றது. மேட்டு நிலத்திற் காடழிந்தால் அங்குள்ள மண் இங்கே வந்து படியும்.

குளமொன்றுக்குக் கட்டும் மதகும் மட்டும் உறுப்புகளல்ல. குளத்தின் தலைப்பக்கத்தில் கஸ்கொம்மன எனப்படும் மரச்சோலை உண்டு. அது காற்றைத் தடுத்து நீர் ஆவியாவதைக் குறைக்கும். அதன் மேற்புறத்தே பெரஹன எனப்படும் புற்றரை வண்டலை வடிக்கும். கட்டுக்கும் வயலுக்கும் இடையே உள்ள ஈரச்சோலை கட்டக்கடுவ. மருதும் இலுப்பையும் தாழையும் நிறைந்த இத்துண்டு நிலம், கட்டினூடாகக் கசியும் நீரிலுள்ள உப்பையும் இரும்பையும் வயலுக்குள் வரவிடாது தடுத்துக்கொள்ளும்.

கட்டடியிற் சும்மா கிடக்கின்றதே என்று இந்த நிலத்தை வெட்டி வயலாக்கும் ஆசை பல ஊர்களிலும் உண்டு. முதலிரு போகங்கள் நன்றாகவே விளையும். பின்னர் மேல்வயலிற் செந்நிறப் படலமும் வெண்பூப்பும் தோன்றும். பயிர் நுனி கருகும். கால் ஏக்கர் சேர்த்தவர் தமக்குக் கீழே பல ஏக்கரைக் கெடுக்கின்றார். 2000 ஆம் ஆண்டின் 46 ஆம் இலக்கக் கமநல அபிவிருத்திச் சட்டம் குளத்தையும் அதன் ஒதுக்கிடத்தையும் காக்க இடமளிக்கின்றது. இருப்பினும் கமக்காரர் அமைப்பே முன்னின்று எல்லைக்கல் நாட்டுதல் சிறந்தது. மழை தொடங்கியதும் மருதங் கன்றுகளையும் தாழையையும் கலந்து நடுக. கட்டின் மேலே பெருமரம் வளர விடலாகாது. அதன் வேர் கட்டைத் துளைக்கும்.

தோட்ட வேலி

கச்சான் காற்றுக்கு எதிராகப் பூவரசு, கிளிசரிடியா ஆகியவற்றை உயிர்வேலியாக நடுக. வேலியின் உயரத்தைப் போலப் பத்து மடங்குக்குக் குறையாத தூரம் வரை காற்று தணியும். வெட்டிய கிளிசரிடியாத் தழை வயலுக்குப் பசுந்தாட் பசளையாகும்.

உவர் அறிதல்

மண்ணின் உப்புத்தன்மையை டெசிசீமன் என்னும் அலகால் அளப்பர். மீற்றருக்கு 3 டெசிசீமனுக்கு மேற்பட்டால் நெல் விளைச்சல் குறையத் தொடங்கும். மிளகாய் 1.5, வெங்காயம் 1.2, போஞ்சி 1.0 என்னும் அளவுக்குமேல் தாங்கா. ஏற்கெனவே உவரேறிய வயலில் அம்பலாந்தோட்டையில் உருவாக்கிய ஏ.ரீ. 354 போன்ற உவர் தாங்கும் நெல்லினத்தை விதைக்கலாம். முதல் மழைநீரை வயலில் தேக்கி வடித்து, மறுபடி தேக்கி வடித்த பின்னரே சேறடித்தல் வேண்டும். மண் மாதிரியைச் செப்டெம்பர் மாதத்தில், மழைக்கு முன்னர், வயலின் ஐந்தாறு இடங்களில் ஆறங்குல ஆழம் வரை எடுத்துக் கலந்து, நிழலில் உலர்த்தி, வயலின் பெயரையும் திகதியையும் எழுதிய பையில் இட்டு விவசாயப் போதனாசிரியரிடம் ஒப்படைக்கவும்.