திருச்சியில் புறப்பட்ட சினிமா கூடாரம்

1905-ம் ஆண்டு. திருச்சிக்கு டுபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரர் வந்தார். கையில் படம் காட்டும் எந்திரம். கூடவே சில படச்சுருள்கள். ஊர் ஊராகப் படம் காட்டி வந்தவருக்கு உடம்பு முடியாமல் போய்விட்டது. எல்லாவற்றையும் விற்றுவிட்டு நாடு திரும்ப நினைத்தார்.

வாங்க வந்தவர் யார்? ஜமீன்தாரா? இல்லை. தென்னிந்திய ரெயில்வேயில் வரைபடம் போடும் வேலை பார்த்த சாமிக்கண்ணு வின்சென்ட். கோவைக்காரர். வயது 22. மாதச் சம்பளம் 25 ரூபாய்!

எந்திரத்தின் விலையோ சுமார் 2,000 ரூபாய். சம்பளத்தில் ஒரு காசு தொடாமல் சேர்த்தாலும் ஆறு வருஷத்துக்கு மேல் ஆகும். ரெயில்வே உத்தியோகம் என்றால் பெண் கொடுக்கப் போட்டி போடுவார்கள். அந்த உத்தியோகத்தை விட்டார் வின்சென்ட். நம்மில் எத்தனை பேர் துணிவோம்?

பேசாத படம்

ஏசுநாதர் வாழ்க்கைப் படம் அவரிடம் இருந்தது. ஸ்ரீரங்கம் கோவிலில் அரையர் சேவை பார்த்தவர்களுக்கும், கிராமத்தில் கூத்து பார்த்தவர்களுக்கும் இது புதுமை. கூத்தாடி எதிரே நின்று பாடுவான். இங்கே வெள்ளைத் துணியில் மனிதர்கள் நடந்தார்கள். வாய் அசைந்தது, சத்தம் இல்லை! ஊமைப்படக் காலத்தில், பக்கத்தில் ஒருவர் நின்று கதை சொல்வது வழக்கம்.

எந்திரத்தைக் கையால் சுற்ற வேண்டும். விநாடிக்குச் சுமார் 16 படம் ஓடினால்தான் நடை நடையாகத் தெரியும். வேகமாகச் சுற்றினால் எல்லோரும் ஓடுவார்கள்! அக்காலப் படச்சுருள் சட்டென்று தீப்பிடிக்கும். மேலே துணிக் கூடாரம், உள்ளே கூட்டம். பயம் இல்லாமல் இருக்குமா?

கூடாரத்தோடு வின்சென்ட் ஊர் ஊராகப் போனார். லக்னோ, லாகூர், பெஷாவர் வரை போனார்!

கொட்டகை முதலாளி

பிறகு பிரான்சு நாட்டு 'பாதே' கம்பெனி எந்திரங்களை விற்றார். 1914-ல் கோவையில் வெரைட்டி ஹால் என்ற கொட்டகையைக் கட்டினார். கூடாரத்தைப் பிரித்துப் பிரித்துக் கட்டிய கைக்குச் செங்கல் சுவர் கிடைத்தது.

காட்டியது போதாதென்று படம் எடுக்கவும் இறங்கினார். 1933-ல் வந்த 'வள்ளி திருமணம்' அவர் கல்கத்தா பயனியர் கம்பெனியுடன் சேர்ந்து எடுத்த படம். டி.பி.ராஜலட்சுமி வள்ளியாக நடித்தார். பேசும் படம்! கதை சொல்ல ஆள் வேண்டாம். படம் நன்றாக ஓடியது.

1942-ல் வின்சென்ட் காலமானார். கோவையில் அவர் கொட்டகை இருந்த தெருவுக்கு வெரைட்டி ஹால் ரோடு என்று பெயர்.