ஈட்டுச் சொத்தின் ஏலமும் கடனாளியின் பரிகாரமும்

முன்னாளில் ஒரு பாங்கி ஈட்டுச் சொத்தை விற்க வேண்டுமாயின், பெரும்பாலும் சிவில் கோர்ட்டில் தாவாத் தொடுத்து டிக்ரி பெற்ற பின்னரே ஏலத்துக்குக் கொண்டுவர இயலும். ‘சர்பேசி’ எனச் சுருக்கமாக வழங்கும் 2002-ஆம் ஆண்டுச் சட்டம் இம்முறையை மாற்றிவிட்டது. கோர்ட்டு உத்தரவின்றியே பாங்கி சொத்தைக் கைப்பற்றி விற்கலாம். கூட்டுறவு பாங்கிகளுக்கும் இவ்வதிகாரம் உண்டென்று 2020-இல் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்திருப்பதால், நம் அங்கத்தினர்கள் இதனை அறிந்திருத்தல் அவசியம். கிராமங்களிலுள்ள ஆரம்ப விவசாயக் கடன் சங்கங்கள் இச்சட்டத்தில் அடங்கா. அவற்றின் வசூலுக்கு வழி வேறு.

பாங்கி முதலில் 60 நாள் கெடு வைத்து நோட்டீஸ் அனுப்ப வேண்டும். அதனைப் பெட்டியில் வைத்துப் பூட்டிவிடுவோர் பலர். கணக்கில் பிழையிருப்பினும், கட்டிய தொகை வரவு வைக்கப்படாதிருப்பினும், உடனே எழுத்து மூலம் ஆட்சேபிக்க வேண்டும். பாங்கி 15 நாளுக்குள் காரணங் காட்டிப் பதில் தரக் கடமைப்பட்டது.

கெடு கடந்து பாங்கி சொத்தை ஸ்வாதீனம் எடுத்தால், 45 நாளுக்குள் கடன் வசூல் தீர்ப்பாயத்தில் மனுச் செய்யலாம். வீட்டைப் பூட்டாமல் கதவில் அறிவிப்பு ஒட்டுவதும் ஸ்வாதீனமே என்பதை மறத்தலாகாது. தமிழ்நாட்டில் சென்னை, கோயமுத்தூர், மதுரை ஆகிய நகரங்களில் இத்தீர்ப்பாயங்கள் உள்ளன. முன்சீப் கோர்ட்டுக்குச் செல்வது பெரும்பாலும் வீண். சிவில் கோர்ட்டின் அதிகாரத்தை இச்சட்டம் விலக்கியுள்ளது. மனுச் செய்வதற்கே கடனில் முக்கால் பாகம் கட்ட வேண்டுமென்றிருந்த விதியைச் சுப்ரீம் கோர்ட்டு 2004-இல் செல்லாதாக்கிற்று. அப்பீலுக்கு மாத்திரம் பாதித் தொகை கட்ட வேண்டும். அதனைக் கால் பாகம் வரை குறைக்க அப்பீல் தீர்ப்பாயத்துக்கு அதிகாரமுண்டு.

தீர்ப்பாயம் ஆராய்வது பாங்கி நடந்துகொண்ட முறையையே. நோட்டீஸ் சரியாகச் சார்வு செய்யப்பட்டதா, மதிப்பீட்டின்மேல் குறைந்தபட்ச விலை நிர்ணயிக்கப்பட்டதா, முதல் ஏலத்துக்கு 30 நாள் அவகாசம் தரப்பட்டதா என்பனவற்றை அது பார்க்கும். முறை தவறியிருப்பின் சொத்தைத் திருப்பித் தர உத்தரவிடும். ஆயினும் கடன் கடனாகவே நிற்கும். மழை பொய்த்தது என்பது அங்கே வாதமாகாது.

விவசாய நிலத்தின்மேல் இச்சட்டப்படி கைவைக்க இயலாது. ஆனால் பட்டாவில் நஞ்சை என்றிருந்தால் மட்டும் போதாது. நிலம் உண்மையில் சாகுபடியில் உள்ளதென்று நிரூபிக்கும் பாரம் கடனாளியுடையது என்று 2023-இல் சுப்ரீம் கோர்ட்டு கூறியுள்ளது. ஆதலால் அடங்கல் நகல், விதை, உர ரசீதுகள் முதலியவற்றைப் பத்திரப்படுத்துக. ஒரு லட்சம் ரூபாய்க்கு மேற்படாத கடனுக்கும் இச்சட்டம் செல்லாது.

இனி, பலரை ஏமாற்றும் விஷயம் மீட்புரிமை. விற்பனைக்குக் குறித்த நாள் வரும் முன் முழுப் பாக்கியையும் செலவுடன் கட்டிச் சொத்தை மீட்கலாம் என்பது பழைய விதி. 2016-இல் செய்த திருத்தத்தின்படி, ஏல அறிவிப்பு பிரசுரமாகும் நாளுக்கு முன்பே கட்டிவிட வேண்டும். ஜூலை 10-ஆம் தேதி அறிவிப்பு வெளிவந்து ஆகஸ்டு 14-இல் ஏலம் என்று கொள்வோம். ஜூலை 9-க்குள் பணங் கட்டியவர் உரிமையோடு மீட்பார். ஆகஸ்டு முதல் தேதி வருபவருக்கு அவ்வுரிமை இல்லை. ஜாமீனாகத் தம் சொத்தை ஈடு வைத்தவருக்கும் மேற்கண்ட கெடுக்கள் யாவும் பொருந்தும்.