நினைவூட்ட மறக்கும் செயலி

காலையில் நடப்பது, படுக்கப் போகுமுன் பத்துப் பக்கம் படிப்பது, வீணை சாதகம், சர்க்கரையில்லாக் காபி என்று எந்தப் பழக்கத்துக்கும் தினசரி டிக் அடித்துக் கணக்கு வைக்க ஃபோனில் செயலிகள் வந்துவிட்டன. 'ஹேபிட் டிராக்கர்' என்று ப்ளே ஸ்டோரில் தேடினால் கொட்டுகின்றன. வேலை என்னவோ மூன்றுதான்: சொன்ன நேரத்தில் நினைவூட்டுவது, டிக் அடித்ததைக் குறித்துக்கொள்வது, எத்தனை நாள் விடாமல் செய்தோம் என்று காட்டுவது. மூன்றிலுமே கோளாறு வருகிறது. கோபத்தில் அந்தச் செயலியை நீக்கிவிட்டு இன்னொன்றைப் போட்டால், பத்து நாளில் அதுவும் அதே கோளாறைக் காட்டும். காரணம், பாதிக்கு மேல் சிக்கல் செயலியில் இல்லை. அதைத் தாங்கி நிற்கும் ஃபோனில் இருக்கிறது.

பெரும்பாலோரின் முதல் புகார், நினைவூட்டல் வரவில்லை என்பது. அது எப்படி வரவில்லை என்று பார்க்க வேண்டும். இரவு 9 மணிக்கு வரவேண்டியது, பத்தரைக்கு நீங்கள் ஃபோனை எடுத்துத் திரையை எழுப்பியதும் சட்டென்று வந்து நிற்கிறதா? அப்படியானால் அறிவிப்பு அனுமதி சரியாகத்தான் இருக்கிறது. ஃபோன் தூங்கியிருக்கிறது, அவ்வளவுதான். 2015இல் வந்த ஆண்ட்ராய்டு 6 முதல் 'டோஸ்' என்றொரு ஏற்பாடு உண்டு. சார்ஜரில் போடாமல், திரை அணைந்து, அசையாமல் மேசைமேல் கிடக்கும் ஃபோன் கொஞ்ச நேரத்தில் தூக்கத்துக்குப் போய்விடும். "என்னை 9 மணிக்கு எழுப்பு" என்று செயலிகள் சொல்லிவைத்த சாதாரண அலாரங்களை அது உடனுக்குடன் கவனிக்காது. ஷேர் ஆட்டோ ஆள் சேர்ந்த பிறகு கிளம்புகிற மாதிரி, எல்லாவற்றையும் சேர்த்துவைத்து, நடுவில் விழிக்கிற சில நிமிடங்களில் மொத்தமாக விடும். ஃபோன் கிடக்கக் கிடக்க அந்த இடைவெளியும் நீளும்.

அப்படியென்றால் காலை 5 மணி அலாரம் மட்டும் எப்படித் தவறாமல் அடிக்கிறது? கடிகாரச் செயலிக்குத் தனி வழி உண்டு. அதன் அலாரத்துக்குச் சற்று முன்பே ஃபோன் டோஸிலிருந்து வெளியே வந்துவிடும். மற்ற செயலிகளும் துல்லியமான நேரம் கேட்கலாம். ஆனால் 2021இன் ஆண்ட்ராய்டு 12 முதல் அதற்கெனத் தனி அனுமதி வந்தது. 2023இன் ஆண்ட்ராய்டு 14இலோ, புதிதாக நிறுவும் பெரும்பாலான செயலிகளுக்கு அது தொடக்கத்திலேயே அணைந்திருக்கும். செட்டிங்ஸில் செயலிகளுக்கான சிறப்பு அனுமதிகளுக்குள் போய், 'அலாரங்களும் நினைவூட்டல்களும்' என்ற இடத்தில் நாமேதான் இயக்கிவிட வேண்டும்.

இதைவிட வேடிக்கையான விஷயம் ஒன்று உண்டு. 2018இல் வந்த ஆண்ட்ராய்டு 9, செயலிகளை நாம் எவ்வளவு அடிக்கடி திறக்கிறோம் என்று பார்த்து வகுப்பு பிரிக்கத் தொடங்கியது. எந்நேரமும் புழங்குவது மேல் வகுப்பு. எப்போதாவது திறப்பது கடைசி வகுப்பு. அந்த ஏற்பாட்டில் கடைசி வகுப்புச் செயலியின் அலாரத்தை 2 மணி நேரம் வரை தள்ளிப்போடலாம். இப்போது யோசித்துப் பாருங்கள். தினமும் ஒழுங்காக டிக் அடிக்கிறவருக்கு நினைவூட்டல் டாணென்று வரும். நான்கு நாளாகச் செயலியையே திறக்காமல் நழுவிக்கொண்டிருப்பவருக்கு, அதாவது யாருக்கு அது நிஜமாகவே வேண்டுமோ அவருக்கு, தாமதமாகத்தான் வரும். மாதக்கணக்கில் திறக்காவிட்டால் கதை இன்னும் மோசம்: கொடுத்த அனுமதிகளையே திரும்பப் பெற்றுக்கொண்டு செயலியை ஃபோன் முடக்கிவைக்கும். பேட்டரியின் பார்வையில் இதெல்லாம் நியாயம்தான். பழக்கம் வளர்க்க நினைப்பவரின் பார்வையில் தலைகீழ் நியாயம். செயலியின் தகவல் பக்கத்துக்குப் போய், பேட்டரிக் கட்டுப்பாட்டை நீக்கி, பயன்படுத்தாத செயலியை நிறுத்திவைக்கும் பொத்தானையும் அணைத்துவிடுவதுதான் மருந்து.

ஷாவ்மி, ஓப்போ, விவோ போன்ற நிறுவனங்கள் கூகுளின் கட்டுப்பாடு போதாதென்று தங்கள் பங்குக்கும் சேர்த்திருக்கின்றன. சில ஃபோன்களில், சமீபத்திய செயலிகள் பட்டியலிலிருந்து ஒன்றை விரலால் தள்ளிவிட்டாலே அதை அடியோடு நிறுத்தியதாக எடுத்துக்கொள்ளும். நிறுத்திய செயலியின் அலாரங்கள் அனைத்தும் ரத்து. மறுபடி திறக்கும்வரை பேச்சுமூச்சு இருக்காது. ஃபோனை அணைத்துப் போட்டாலும் அலாரங்கள் அழிந்துவிடும். செயலி தானாக எழுந்து அவற்றைப் புதிதாகப் பதிய வேண்டும். 'ஆட்டோஸ்டார்ட்' அனுமதி இல்லாத ஃபோனில் அதுவும் நடக்காது. ஃபோனை ரீஸ்டார்ட் செய்த நாளிலிருந்து நினைவூட்டல் நின்றுபோயிருந்தால் சந்தேகமே வேண்டாம், இதுதான் காரணம்.

ஒருநாளும் வந்ததே இல்லை என்றால் அது வேறு நோய். ஆண்ட்ராய்டு 13 முதல் அறிவிப்பு அனுப்பவே அனுமதி கேட்க வேண்டும். நிறுவிய அவசரத்தில் 'வேண்டாம்' என்று தட்டியிருப்போம். ஐஃபோனில் இன்னொரு வரம்பு: ஒரு செயலி முன்கூட்டியே பதிந்துவைக்கக்கூடிய நினைவூட்டல்கள் 64தான். பத்துப் பழக்கத்துக்கு நாளுக்கொன்றாகத் தனித்தனியே பதிகிற செயலியென்றால், ஏழாம் நாளே கையிருப்பு தீர்ந்துவிடும். செயலியைத் திறந்தால்தான் திரும்ப நிரப்பும். இங்கேயும் திறக்காதவருக்கே தண்டனை.

அடுத்த புகார், "நான் ஒருநாளும் விடவில்லை, தொடர்ச்சி அறுந்ததாகக் காட்டுகிறது." இங்கே குற்றவாளி செயலிதான். நாள் எப்போது தொடங்குகிறது என்பதை எழுதியவர் சரியாக யோசிக்கவில்லை. கணினிகள் பொதுவாக உலகப் பொது நேரத்தில் கணக்கு வைக்கின்றன. நம் நேரம் அதைவிட ஐந்தரை மணி முன்னால். பொது நேரத்தையே தேதியாக எடுத்துக்கொள்ளும் செயலிக்குச் சென்னையிலும் யாழ்ப்பாணத்திலும் அதிகாலை 5.30க்குத்தான் நாள் பிறக்கிறது. திங்கள்கிழமை 6 மணிக்கு நடந்துவிட்டு டிக் அடிக்கிறீர்கள். அது திங்களில் விழுகிறது. செவ்வாயன்று சீக்கிரம் எழுந்து 5.15க்கே டிக் அடிக்கிறீர்கள். செயலியின் கணக்கில் அது இன்னும் திங்கள். புதன் மறுபடி 6 மணி. திங்களில் இரண்டு, செவ்வாயில் பூஜ்யம். சீக்கிரம் எழுந்த அன்றுதான் தொடர்ச்சி போகிறது! பயணத்திலும் இதன் தம்பி ஒருவன் வருவான். சென்னையில் திங்கள் இரவு 10 மணிக்கு அடித்த டிக், சிங்கப்பூரில் இறங்கியதும் அந்த ஊர்க் கணக்கில் செவ்வாய் 12.30 ஆகிவிடும். டிக் அடித்த நொடியை வைத்துக்கொண்டு தேதியை ஊருக்கு ஊர் மாற்றிக் கணக்கிடும் செயலிகளில் இது நடக்கும்.

நள்ளிரவுக்குப் பின் படுப்பவர்களுக்கு இன்னொரு தொல்லை: 12.20க்கு டிக் அடித்தால் அது மறுநாள் கணக்கு. 'லூப் ஹேபிட் டிராக்கர்' என்ற இலவச ஆண்ட்ராய்டு செயலி இதற்கு வழி வைத்திருக்கிறது. அதன் அமைப்புகளில் ஒன்றை இயக்கினால் அதிகாலை 3 மணிவரை பழைய நாளே நீடிக்கும். அதன் மூலநிரல் யார் வேண்டுமானாலும் பார்க்கும்படி திறந்து கிடப்பதால், கணக்கு எப்படி ஓடுகிறது என்று உள்ளே போய்ப் பார்க்கவும் முடிகிறது.

லூப் பயனர்களைக் குழப்பும் விஷயம் வேறு. வாரத்துக்கு மூன்று நாள் என்று வைத்த பழக்கத்தில், நாம் தொடாத நாட்களிலும் மங்கலாக ஒரு டிக் தெரியும். பேய் எதுவும் அடிக்கவில்லை. வாரக் கணக்கு நிறைவேறிவிட்டதால் மற்ற நாட்களில் குறை இல்லை என்று அதுவே குறித்துக்கொள்கிறது. அதில் எனக்கு மிகவும் பிடித்தது மதிப்பெண் போடும் முறை. பல செயலிகள் ஒருநாள் தவறினால் 90 நாள் தொடர்ச்சியைத் தூக்கிப் பூஜ்யத்தில் போடும். இது அப்படிச் செய்வதில்லை. தினசரிப் பழக்கத்தை 13 நாள் விடாமல் செய்தால் 50 சதவீதம், ஒரு மாதத்தில் ஏறக்குறைய 80, இரண்டு மாதத்தில் 96. எண்பதில் இருக்கும்போது ஒருநாள் விட்டால் 76க்கு இறங்கும், அவ்வளவே. இந்த அணுகுமுறைக்கு ஆய்வும் துணை நிற்கிறது. லண்டன் யூனிவர்சிட்டி காலேஜில் ஃபிலிப்பா லாலி குழுவினர் 96 பேரை வைத்து நடத்திய ஆய்வு 2010இல் அச்சானது. ஒரு பழக்கம் படிய ஆன காலத்தின் இடைநிலை அளவு அதில் 66 நாள். நடுவே ஒருநாள் தவறியது பழக்கம் படிவதைப் பெரிதாகப் பாதிக்கவில்லை என்றும் அதில் தெரிந்தது. ஒருநாள் தவறியதும் "எல்லாம் போச்சு" என்று செயலியை மூடிவைக்கச் செய்யும் அந்தப் பெரிய பூஜ்யத்தையும் நான் கோளாறுகளின் பட்டியலில்தான் வைப்பேன்.

முகப்புத் திரையில் வைத்த விட்ஜெட் காலையிலும் நேற்றைய டிக்கையே காட்டினால் பதற வேண்டாம். விட்ஜெட் தானாகப் புதுப்பித்துக்கொள்ளும் வழக்கமான ஏற்பாட்டில் அரைமணிக்கு ஒருமுறைக்கு மேல் ஆண்ட்ராய்டு விடாது. செயலியை ஒருமுறை திறந்தால் பெரும்பாலும் சரியாகிவிடும்.

ஃபோன் மாற்றும்போதுதான் உண்மையான இழப்பு நேர்கிறது. லூப் போன்ற செயலிகளில் கணக்கு தொடங்குவதோ உள்நுழைவதோ கிடையாது. தகவல் முழுவதும் ஃபோனுக்குள்ளேயே இருக்கும். யாரும் எட்டிப் பார்க்க முடியாது என்பது நல்லதுதான். ஆனால் பேக்கப் எடுக்காமல் பழைய ஃபோனை அழித்துவிட்டால் மீட்பது கடினம். ஏற்றுமதி செய்யப் போனால் இரண்டு வகை இருக்கும். சிஎஸ்வி கோப்பு எக்செல் போன்றவற்றில் திறந்து பார்க்க மட்டும். அதைத் திரும்பச் செயலிக்குள் ஏற்ற முடியாது. புது ஃபோனுக்குக் கொண்டுபோக வேண்டியது முழு பேக்கப் கோப்பு. அதை ஏற்றிய பின் பழைய டிக்கெல்லாம் வந்துவிடும். அனுமதிகள் கூடவே வராது. பேட்டரி, அலாரம், அறிவிப்பு மூன்றையும் அன்றைக்கே திரும்பப் பார்த்துவிடுங்கள்.