பீட்ரூட் ஃபேக்டரி டு வேர்ல்டு கப்... 31 வயதில் இங்கிலாந்து ஜெர்ஸி போட்ட ரிக்கி லாம்பெர்ட்!

ஓசூர் சிப்காட் பகுதியில் ஷிஃப்ட் மாறும் நேரத்தைப் பார்த்திருக்கிறீர்களா? நைட் ஷிஃப்ட் முடித்தவர்கள் தூக்கக் கண்களோடு கம்பெனி பஸ்ஸிலிருந்து இறங்குவார்கள். அதே ஸ்டாப்பில், டிபன் பாக்ஸோடு அடுத்த ஷிஃப்ட்காரர்கள் ஏறுவார்கள். கிருஷ்ணகிரி, தர்மபுரி, திருவண்ணாமலை என்று பல ஊர்களிலிருந்து வந்து, ரூம் எடுத்துத் தங்கி வேலை பார்க்கும் பசங்க அவர்களில் நிறைய பேர். லீவு நாளில் அவர்களில் சிலர் போர்வையை இழுத்துப் போர்த்திக்கொள்வதில்லை. ஸ்டட்ஸ் ஷூவைத் தூக்கிக்கொண்டு கிரவுண்டுக்குக் கிளம்பிவிடுகிறார்கள்.

பள்ளியில், காலேஜில் டீமுக்கு ஆடியவர்கள். வேலைக்கு வந்த பிறகு, 'வயசாயிடுச்சு, இனிமேல் எங்கே?' என்று தங்களுக்குத் தாங்களே சொல்லிக்கொண்டவர்கள். அவர்களுக்காகவே ஒரு கதை இருக்கிறது. இங்கிலாந்தின் ரிக்கி லாம்பெர்ட் கதை.

10 வயதில் லிவர்பூல்... 15 வயதில் 'வேண்டாம்'!

லாம்பெர்ட் பிறந்தது 1982 பிப்ரவரி 16-ம் தேதி. ஊர், லிவர்பூல் நகரத்தை ஒட்டிய கிர்க்பி. இரண்டாம் உலகப் போர் சமயத்தில் வெடிமருந்து நிரப்பும் பெரிய அரசுத் தொழிற்சாலை அங்கே இருந்தது. போர் முடிந்ததும் அந்த இடம் தொழிற்பேட்டையானது. பெரிய நகரத்துக்குப் பக்கத்தில் ஒரு ஃபேக்டரி ஊர். பெங்களூருக்குப் பக்கத்தில் ஓசூர் இருப்பதுபோல என்று வைத்துக்கொள்ளுங்கள்.

அந்த ஊர்ப் பையன்களின் கனவு ஒன்றுதான்: லிவர்பூல் ஜெர்ஸி. லாம்பெர்ட்டுக்கு 10 வயதிலேயே லிவர்பூல் அகாடமியில் இடம் கிடைத்தது. ஆனால் 15 வயதில், 'நீ வேண்டாம்' என்று அனுப்பிவிட்டார்கள். அடுத்து பிளாக்பூல் கிளப். அங்கே லீக்கில் சில மேட்ச்களோடு கதை முடிந்தது. அவர்களும் கழற்றிவிட்டார்கள்.

2001-ம் ஆண்டு. 19 வயது. கையில் கிளப் இல்லை. மேக்கல்ஸ்ஃபீல்டு டவுன் என்ற சின்ன கிளப்பில் டிரெயினிங்குக்கு வரலாம் என்றார்கள். ஆனால் சம்பளம் கிடையாது. வயிற்றுப்பாட்டுக்கு லாம்பெர்ட் போன இடம் ஒரு பீட்ரூட் ஃபேக்டரி. பீட்ரூட் அடைத்த பாட்டில்களுக்கு மூடி போடுவதுதான் வேலை. ஒரு நாள் கூலி, 20 பவுண்டு.

லைனில் நின்று ஒரே வேலையை நாள் முழுக்கச் செய்த அனுபவம் உள்ளவர்களுக்கு, அந்த 19 வயதுப் பையனின் மனது புரியும்.

ஏணியின் கடைசிப் படி

இங்கே ஒரு விஷயத்தைத் தெரிந்துகொள்ள வேண்டும். இங்கிலாந்தின் தொழில்முறை லீக் கால்பந்து நான்கு அடுக்கு. உச்சியில் பிரீமியர் லீக், அதில் 20 அணிகள். அதற்குக் கீழே சாம்பியன்ஷிப், லீக் ஒன், லீக் டூ. ஒவ்வொன்றிலும் 24 அணிகள். மொத்தம் 92 கிளப்கள். நன்றாக ஆடினால் அடுத்த சீசன் மேலே போகலாம். மோசமாக ஆடினால் கீழே இறங்க வேண்டும். பணக்கார கிளப், ஏழை கிளப் என்ற பேதமெல்லாம் கிடையாது.

லாம்பெர்ட் ஏறியது இந்த ஏணியின் கடைசிப் படியில். மேக்கல்ஸ்ஃபீல்டில் அவர் ஆடியதைப் பார்த்து, 2002-ல் ஸ்டாக்போர்ட் கவுன்ட்டி 3 லட்சம் பவுண்டு கொடுத்து வாங்கியது. மேக்கல்ஸ்ஃபீல்டு ஒரு வீரரை விற்றுப் பெற்றதிலேயே பெரிய தொகை அது. ஆனால் அங்கே எதிர்பார்த்த அளவுக்கு கோல் வரவில்லை. 2005-ல் மீண்டும் நான்காவது டிவிஷனுக்கே இறங்கி, ரோச்டேல் அணிக்குப் போனார்.

ரோச்டேலில்தான் ஒரு முழுமையான ஸ்ட்ரைக்கராக அவர் மாறினார். 2005-06 சீசனில் லீக்கில் மட்டும் 22 கோல்கள். அங்கே அவரோடு சேர்ந்து ஆடிய இன்னொரு ஸ்ட்ரைக்கர் கிரான்ட் ஹோல்ட். அவரும் ஒரு காலத்தில் டயர் கம்பெனியில் வேலை பார்த்தவர்! ஆறேழு வருடம் கழித்து இந்த இரண்டு பேருமே ஆளுக்கு ஒரு பிரீமியர் லீக் சீசனில் 15 கோல்கள் அடித்தார்கள். நான்காவது டிவிஷன் கிரவுண்டில் அவர்களைப் பார்த்தபோது எத்தனை பேர் அதை நினைத்திருப்பார்கள்?

தோற்கடித்த கிளப்பே கூப்பிட்டது

2006-ல் 2 லட்சம் பவுண்டுக்கு பிரிஸ்டல் ரோவர்ஸ். முதல் சீசன் சுமார்தான். ஆனால் அணி லீக் ஒன்னுக்கு உயர்ந்தது. 2008 எஃப்.ஏ கப் ஐந்தாவது சுற்றில் பிரிஸ்டல் ரோவர்ஸுக்கு எதிரே வந்தது, தன்னைவிட ஒரு டிவிஷன் மேலே இருந்த சவுத்தாம்ப்டன். மேட்ச்சின் ஒரே கோல், லாம்பெர்ட்டின் ஃப்ரீ கிக். சவுத்தாம்ப்டன் அவுட்!

அடுத்த சீசனில், அதாவது 2008-09-ல், லீக் ஒன்னில் 29 கோல்கள். அந்த டிவிஷனில் அதிக கோல் அடித்தவர்கள் பட்டியலில் முதலிடத்தைப் பகிர்ந்துகொண்டார்.

இதே சமயத்தில் சவுத்தாம்ப்டன் கடனில் மூழ்கிக்கொண்டிருந்தது. லீக் ஒன்னுக்கு இறங்கியதோடு, கடன் பிரச்னைக்குத் தண்டனையாக 10 புள்ளிகள் பறிக்கப்பட்டு மைனஸில் சீசனைத் தொடங்க வேண்டிய நிலை. 2009-ல் புது முதலாளி வந்தார். ஆகஸ்ட் மாதம், தங்களை கோப்பையிலிருந்து வெளியேற்றிய அதே லாம்பெர்ட்டை 10 லட்சம் பவுண்டுக்கு மேல் கொடுத்து வாங்கினார்கள். அப்போது அவருக்கு வயது 27.

அங்கே கோச் ஆலன் பார்டியூ அவரிடம் சொன்ன முக்கியமான விஷயம், உடம்பைக் குறைக்க வேண்டும் என்பது. லாம்பெர்ட் கோபித்துக்கொள்ளவில்லை, குறைத்தார். அதன்பிறகு நடந்ததை நம்பர்களே சொல்லும்.

2009-10: லீக் ஒன்னில் 30 கோல்கள், அந்த டிவிஷனின் டாப் ஸ்கோரர்.
2010-11: லீக்கில் 21 கோல்கள். சவுத்தாம்ப்டன் சாம்பியன்ஷிப்புக்கு உயர்ந்தது.
2011-12: சாம்பியன்ஷிப்பில் 27 கோல்கள், மீண்டும் டாப் ஸ்கோரர். சவுத்தாம்ப்டன் பிரீமியர் லீக்குக்குப் போனது.

பெரிய கிளப் வந்து அவரைத் தூக்கிக்கொண்டு போகவில்லை. தன் அணியையும் தோளில் போட்டுக்கொண்டு அவரே ஏறினார்.

சவுத்தாம்ப்டனுக்காக அவர் எடுத்த பெனால்டிகள் 34. கோலானவை, 34. ஒன்றுகூடத் தவறவில்லை!

முதல் டச், முதல் கோல்

2012 ஆகஸ்ட் 19. பிரீமியர் லீக்கில் சவுத்தாம்ப்டனின் முதல் மேட்ச், நடப்பு சாம்பியன் மான்செஸ்டர் சிட்டியின் சொந்த மைதானத்தில். 30 வயது லாம்பெர்ட் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். இரண்டாவது பாதியில் களமிறங்கிய சில நிமிடங்களிலேயே கோல்! மேட்ச் 3-2 என்று சிட்டிக்குப் போனாலும், அந்த சீசன் முடியும்போது லாம்பெர்ட்டின் கணக்கில் 15 லீக் கோல்கள். அந்த சீசனில் அவரைவிட அதிக கோல் அடித்த இங்கிலாந்து வீரர் யாரும் இல்லை.

2013 ஆகஸ்ட் 14. லண்டன் வெம்ப்ளி மைதானம். ஸ்காட்லாந்துக்கு எதிரான மேட்ச், ஸ்கோர் 2-2. வெயின் ரூனி வெளியே வர, 31 வயதில் முதல்முறையாக இங்கிலாந்து ஜெர்ஸியோடு லாம்பெர்ட் உள்ளே போனார். அடுத்த சில நிமிடங்களில் ஒரு கார்னர். பந்து லாம்பெர்ட்டின் தலையைத் தேடி வந்தது. தேசிய அணிக்காக அவர் பந்தைத் தொட்ட முதல் தருணம் அது. கோல்! இங்கிலாந்து 3-2 என்று ஜெயித்தது.

2014-ல் பிரேசில் உலகக் கோப்பை அணியில் இடம். அதே வருடம், 15 வயதில் தன்னை அனுப்பிவைத்த லிவர்பூல் 40 லட்சம் பவுண்டு கொடுத்து அவரை வாங்கியது. சினிமாவாக இருந்தால் இங்கே 'சுபம்' போட்டிருப்பார்கள். நிஜம் அப்படி இல்லை. உலகக் கோப்பையில் கிடைத்தது சில நிமிடங்கள் மட்டுமே. லிவர்பூலில் ஒரு சீசனில் மொத்தம் 3 கோல்கள்தான். வெஸ்ட் பிராம்விச், கார்டிஃப் என்று மாறி, 2017-ல் ஓய்வு பெற்றார். ஆனாலும் அதற்குள் 200 கோல்களை எப்போதோ தாண்டியிருந்தார்.

எல்லோருக்கும் கதவு திறப்பதில்லை

லாம்பெர்ட் மட்டும்தானா? மருத்துவ உபகரணம் தயாரிக்கும் ஃபேக்டரியில் வேலை பார்த்துக்கொண்டே, ஸ்டாக்ஸ்பிரிட்ஜ் பார்க் ஸ்டீல்ஸ் என்ற குட்டி கிளப்புக்கு ஆடிய ஜேமி வார்டி, 2016-ல் லெஸ்டர் சிட்டியோடு பிரீமியர் லீக் கோப்பையைத் தூக்கினார்.

அதே நேரம், இன்னொரு பெயரையும் சொல்லியாக வேண்டும். ஆர்தர் ரௌலி. 1946 முதல் 1965 வரை இங்கிலாந்து லீக்கில் 434 கோல்கள் அடித்தவர். பெரும்பாலும் கீழ் டிவிஷன்களில் அடித்தவை. அந்த லீக் சாதனை இன்றும் அவர் பெயரில்தான் இருக்கிறது. ஆனால் இங்கிலாந்து தேசிய அணிக்கு ஒரு மேட்ச்கூட ஆடவில்லை. உழைப்பு மட்டும் போதாது. மேலிருப்பவர்கள் கீழே திரும்பிப் பார்க்கவும் வேண்டும்.

நம்ம ஊர் ஏணி எங்கே?

இப்போது ஓசூர் கிரவுண்டுக்கு வருவோம். இங்கே ஆடும் ஒரு பையனுக்கு இப்படி ஓர் ஏணி இருக்கிறதா?

2018-19 ஐ-லீக் சீசனை நினைத்துப் பாருங்கள். கோயம்புத்தூரை சொந்த மைதானமாகக் கொண்ட சென்னை சிட்டி எஃப்.சி சாம்பியன் ஆனது. அணியின் ஸ்பெயின் ஸ்ட்ரைக்கர் பெட்ரோ மான்சி 21 கோல்கள் அடித்தார். இங்கிலாந்து என்றால் அடுத்த சீசன் மேல் லீக்கில் ஆடியிருப்பார்கள். ஆனால் அப்போது ஐ.எஸ்.எல்-லுக்குக் கீழிருந்து ஏற வழியே இல்லை. கோப்பையை வாங்கிக்கொண்டு அதே இடத்தில் நின்றார்கள். 2022-23 ஐ-லீக்கை வென்ற பஞ்சாப் அணிக்குத்தான், முதன்முதலாக ஜெயித்ததற்காகவே ஐ.எஸ்.எல் கதவு திறந்தது.

ஏணி சரியாக இல்லாத இடத்தில் தனி மனிதர்கள்தான் படிக்கட்டாக நிற்கிறார்கள். 1997-98 தேசிய லீக்கில் எஃப்.சி கொச்சின் அணிக்காக 10 கோல்கள் அடித்து டாப் ஸ்கோரரான தமிழக ஸ்ட்ரைக்கர் ராமன் விஜயன், பிறகு ஒரு கால்பந்துப் பள்ளி தொடங்கினார். அங்கே வளர்ந்தவர், காரைக்குடி பக்கத்தில் உள்ள கண்டனூரைச் சேர்ந்த சிவசக்தி நாராயணன்.

சிவசக்தியை எடுத்துக்கொண்டது பெங்களூரு எஃப்.சி. 2022 செப்டம்பர் 18, கொல்கத்தாவில் டூரண்ட் கோப்பை ஃபைனல். மும்பை சிட்டிக்கு எதிராக முதல் கோல் அடித்தது, அந்த 21 வயது கண்டனூர்ப் பையன். பெங்களூரு 2-1 என்று கோப்பையை வென்றது. அந்த ஐ.எஸ்.எல் சீசனின் சிறந்த வளரும் வீரர் விருதும் அவருக்கே.

அவருடைய ஹோம் கிரவுண்டான கண்டீரவா ஸ்டேடியம் ஓசூரிலிருந்து 40 கிலோமீட்டர் தூரம்தான். அத்திப்பள்ளி டிராஃபிக்கைத் தாண்டினால் போய்விடலாம். ஆனால் ஷிஃப்ட் பார்க்கும் ஒரு பையனுக்கு, கிரவுண்டில் யாராவது வந்து பார்த்து, பெயரைக் குறித்துக்கொள்ளாதவரை அந்த 40 கிலோமீட்டர் ரொம்ப தூரம்.

மேக்கல்ஸ்ஃபீல்டு பெரிதாக எதுவும் செய்துவிடவில்லை. கையில் கிளப் இல்லாத ஒரு 19 வயதுப் பையனிடம், 'வந்து ஆடிப் பார்' என்றது. அவ்வளவுதான். நம் மாவட்டங்களிலும் கம்பெனி டீம்கள், அவற்றுக்கு ஒழுங்கான லீக், அதைப் பார்க்க வரும் கிளப் ஆட்கள் என்று ஏற்பாடு இருந்தால், இங்கேயும் அந்த வார்த்தையை யாராவது சொல்வார்கள்.

அதுவரை, அடுத்த லீவு நாளில் உங்கள் வீட்டுத் தம்பி தூக்கத்தை விட்டுவிட்டு ஷூவைத் தேடினால், 'வேலைக்குப் போற வயசுல என்ன விளையாட்டு?' என்று மட்டும் கேட்காதீர்கள். 27 வயதில் லாம்பெர்ட் மூன்றாவது டிவிஷனில்தான் இருந்தார்.