கண்ணகி நகர்: வீடு கிடைத்தும் விடியாதது ஏன்?

சென்னை ஓ.எம்.ஆர். சாலையை ஒட்டி, துரைப்பாக்கம் அருகே இருக்கிறது கண்ணகி நகர். கூவம், அடையாறு கரைகளிலிருந்தும் நகரின் பல குடிசைப் பகுதிகளிலிருந்தும் அகற்றப்பட்ட குடும்பங்கள் 2000-ம் ஆண்டு முதல் இங்கே குடியமர்த்தப்பட்டன. இன்று 15,000-க்கும் மேற்பட்ட வீடுகள். ஆனாலும், வறுமையும் வன்முறையும் இந்தக் குடும்பங்களை விடவில்லை. ஏன்?

வேலை எங்கே போனது?

குடிசையில் இருந்தபோது வீட்டு வேலை, மீன் விற்பது, சுமை தூக்குவது என எல்லாமே நடந்து போகும் தூரத்தில் இருந்தன. இங்கிருந்து நகரின் மையப் பகுதி ஏறத்தாழ 20 கிலோமீட்டர். காலையில் ஓரிடம், மாலையில் ஓரிடம் என இரண்டு மூன்று வீடுகளில் வேலை பார்த்த பெண்களால் அது முடியாமல் போனது. 2021 முதல் சாதாரணப் பேருந்துகளில் பெண்களுக்குக் கட்டணம் இல்லை. காசு மிச்சமாகிறது, நேரம் மிச்சமாகவில்லை.

வன்முறை எப்படி வளர்கிறது?

தொடக்கத்தில் கட்டிய வீடுகள் 200 சதுர அடிகூட இல்லை. சமையல், படுக்கை, பிள்ளைகளின் படிப்பு எல்லாம் அதற்குள்தான். அம்மா வேலை முடிந்து வரும்வரை பிள்ளைகளுக்குத் தெருதான் கதி. கஞ்சா விற்பவர்கள் வலை வீசுவதும் அங்கேதான். பக்கத்தில் குற்றம் நடந்தால் ‘சந்தேகக் கேஸ்’ என்று இளைஞர்களைப் போலீஸ் அழைத்துப்போகும். ஊர்ப் பெயரைக் கேட்டதும் வேலை தர மறுப்பார்கள் என்று பயந்து, முகவரி கேட்டால் ‘துரைப்பாக்கம்’ என்று சொல்லிக்கொள்பவர்கள் உண்டு. வேலை கிடைக்காத இளைஞனைத்தான் ரவுடிக் கும்பல் எளிதில் இழுத்துக்கொள்கிறது.

மீள வழி இல்லையா?

இருக்கிறது. 2025 ஆசிய இளையோர் விளையாட்டில் தங்கம் வென்ற இந்திய மகளிர் கபடி அணியில் கண்ணகி நகரின் கார்த்திகாவும் ஆடினார். ஒரு மைதானமும் அக்கறையுள்ள பயிற்சியாளரும் இருந்தால் இந்தத் தெருப் பிள்ளைகள் எவ்வளவு தூரம் போவார்கள் என்பதற்கு அவரே சாட்சி.

ஆனால், சாதனையாளர்களைக் கொண்டாடுவதோடு அரசின் கடமை முடிந்துவிடாது. மாலை நேரப் படிப்பகம், குழந்தைகள் காப்பகம், போதை மீட்பு உதவி ஆகியவை குடியிருப்புக்குள்ளேயே வேண்டும். பக்கத்து ஐ.டி. நிறுவனங்கள் துப்புரவுப் பணியைத் தாண்டியும் இவர்களுக்கு வேலை தர வேண்டும். இனி எந்தக் குடும்பத்தை அகற்றினாலும், அவர்கள் பிழைக்கும் இடத்துக்குப் பக்கத்திலேயே வீடு கொடுக்க வேண்டும். பிழைப்பைப் பறித்துவிட்டுக் கொடுக்கும் வீடு மறுவாழ்வு ஆகாது.