48 கிலோ எடை, ஒரு அரசு வேலை: சென்னை பாக்ஸரைப் பின்தொடர்ந்த நார்வே ஆவணப்படம்

பாக்ஸிங் படம்னாலே நமக்கு ‘இறுதிச்சுற்று’ (2016), ‘சார்பட்டா பரம்பரை’ (2021) இரண்டும்தான் ஞாபகத்துக்கு வரும். இவற்றுக்கு முன்பே, 2013-ல், சென்னையைச் சேர்ந்த நிஜ வீராங்கனை துளசியைப் பற்றி ஒரு ஆவணப்படம் வந்துவிட்டது. பெயர் ‘லைட் ஃப்ளை, ஃப்ளை ஹை’. எடுத்தவர்கள் நார்வேயின் பெண் இயக்குநர்கள் பியாத்தே ஹோஃப்சேத், சுசான் ஓஸ்டிகோர்.

‘லைட் ஃப்ளை’ என்பது அப்போது 48 கிலோ வரையிலான எடைப் பிரிவாக இருந்தது. சிக்கல் இந்தப் பெயரிலேயே இருக்கிறது. 2012 லண்டன் ஒலிம்பிக்கில் பெண்கள் குத்துச்சண்டை முதன்முறையாகச் சேர்க்கப்பட்டபோது, ஆரம்பப் பிரிவே 51 கிலோ. மேரி கோமும் எடை கூட்டி, அந்தப் பிரிவில் இறங்கித்தான் வெண்கலம் வென்றார்.

தலித் குடும்பத்தில் பிறந்து, வீட்டைவிட்டு வெளியேறிய துளசிக்கு மெடல் மட்டும் போதாது. அதன் மூலம் விளையாட்டு ஒதுக்கீட்டில் அரசு வேலை கிடைக்க வேண்டும். அது கிடைத்தால் யார் தயவும் தேவையில்லை. (அரசு வேலையின் மதிப்பை அருப்புக்கோட்டை, திருச்சுழி பக்கம் யாருக்கும் விளக்க வேண்டியதில்லை!) ஆனால் வயது ஏறிக்கொண்டே போகிறது.

இங்கேதான் கேமரா ரிங்கைவிட்டு வெளியே வருகிறது. யார் போட்டிக்குப் போகலாம் என்பது நிர்வாகிகள் கையில். அப்படிப்பட்ட ஒருவர் மீதுதான் துளசி பாலியல் தொல்லை புகார் கொடுத்தார். சினிமா என்றால் கடைசி ரவுண்டில் ஒரே குத்தில் கணக்கு தீர்ந்துவிடும். துளசிக்கோ, புகார் கொடுத்த பிறகும் வாடகை, சாப்பாடு, வேலை எல்லாம் அப்படியே பாக்கி நின்றன.